அல்பேனிய மொழியின் வட்டார வழக்குகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அல்பேனிய மொழியைப் பற்றித் தமிழில் படிக்கக் கிடைப்பது மிகக் குறைவு. கிடைப்பதிலும் ‘வடக்கே கெக், தெற்கே தோஸ்க்’ என்று ஒரே வரியில் விஷயம் முடிந்துவிடுகிறது. அந்த ஒரு வரிக்குள் ஓர் ஆறு, இரண்டு இலக்கிய மரபுகள், ஒரு சர்வாதிகாரம், கடல் கடந்து போன கிராமங்கள் எல்லாம் அடங்கியிருக்கின்றன. கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும் என்று நினைத்து எழுதியது இது.

உச்சரிப்பு பற்றி ஒரு குறிப்பு. ‘கெக்’ என்பதில் இரண்டு ககரங்களையும் ‘கங்கை’ என்பதன் ககரம் போல ஒலிக்க வேண்டும். அல்பேனியத்தில் மங்கலாக ஒலிக்கும் ஓர் உயிர் உண்டு. அதை எழுத ‘e’ என்னும் லத்தீன் எழுத்தின் மேல் இரண்டு புள்ளி வைப்பார்கள். இங்கே அதை அகரமாகவே எழுதியிருக்கிறேன்.

அல்பேனிய மொழி எந்தக் குடும்பம்? யார் பேசுகிறார்கள்?

இந்தோ-ஐரோப்பியக் குடும்பம்தான். ஆனால் அதற்குள் தனிக் கிளை. கிரேக்கமோ ஸ்லாவிய மொழிகளோ இத்தாலியமோ இதற்கு நெருங்கிய உறவு இல்லை. அக்கம்பக்கத்தில் வாழ்ந்ததால் சொற்களைக் கடன் வாங்கியிருக்கிறது, அவ்வளவுதான். அல்பேனியாவில் 2023 கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 24 லட்சம் பேர் இருக்கிறார்கள். கொசோவோவில் 16 லட்சத்தை ஒட்டி. இரண்டு நாடுகளிலும் மிகப் பெரும்பான்மையோரின் தாய்மொழி இதுதான். வட மாசிடோனியாவின் மேற்குப் பகுதி, மாண்டினீக்ரோவின் உல்சின் போன்ற ஊர்கள், தெற்குச் செர்பியாவின் ப்ரெஷெவோ பள்ளத்தாக்கு ஆகிய இடங்களிலும் பேசுகிறார்கள். இத்தாலியிலும் கிரேக்கத்திலும் பல நூறு ஆண்டுகளாகத் தங்கிவிட்ட பழைய சமூகங்கள் வேறு.

பேசுகிறவர்கள் தங்கள் மொழியை ‘ஷ்கிப்’ என்கிறார்கள். ‘அல்பேனியம்’ என்பது வெளியார் வைத்த பெயர்.

எத்தனை வழக்குகள்? எல்லை எங்கே?

பெரிய வழக்குகள் இரண்டு. நடு அல்பேனியாவில் ஷ்கும்பின் என்ற ஆறு எல்பாசான் நகரை ஒட்டி ஓடி ஏட்ரியாட்டிக் கடலில் கலக்கிறது. அதற்கு வடக்கே கெக், தெற்கே தோஸ்க்.

ஆறு கத்தி போல மொழியை வெட்டிவிடவில்லை. கரையை ஒட்டி ஒரு கலப்பு வட்டாரம் இருக்கிறது. அங்கே ஒரே ஊர்க்காரர் பேச்சில் ஒரு கூறு கெக்காகவும் இன்னொன்று தோஸ்க்காகவும் வரும். ஆனாலும் ஓர் ஆற்றை வைத்து மொழி வழக்கை இவ்வளவு தெளிவாகப் பிரிக்க முடிகிற இடங்கள் ஐரோப்பாவில் அதிகம் இல்லை.

இந்த இரண்டுக்குள்ளும் உட்பிரிவுகள் உண்டா?

நிறைய. கெக்கை வழக்கமாக நான்காகப் பிரிப்பார்கள். ஷ்கோத்ர நகரையும் அதன் மலைப்பகுதியையும் சேர்ந்த வடமேற்கு. கொசோவோ, கூகஸ், த்ரோபோயா பக்கத்து வடகிழக்கு. மாத், திப்ர, மிர்தித்த பக்கத்து நடுக் கெக். திரானா, தூரஸ், எல்பாசான் சேர்ந்த தெற்குக் கெக்.

தோஸ்க்கில் வட தோஸ்க் பெரியது: பெராத், கோர்ச்ச, ஃபியெர் எல்லாம் அதில் சேரும். தென்மேற்கு மலைகளில் லாப் வழக்கு. ஜிரோகாஸ்தர், தெபெலென பக்கம் போனால் கேட்கலாம். கிரேக்க எல்லையை ஒட்டி சாம் வழக்கு. இத்தாலியின் ஆர்பரெஷும் கிரேக்கத்தின் ஆர்வானிதிகாவும் தோஸ்க் வேரிலிருந்து கிளைத்தவைதான்.

இங்கே பலர் கவனிக்காத ஒன்று இருக்கிறது. தலைநகர் திரானா ஆற்றுக்கு வடக்கே இருக்கிறது. ஆக அதன் மண்ணின் பேச்சு கெக். நாட்டின் அலுவல் மொழியோ தோஸ்க் அடிப்படையில் அமைந்தது. பாராளுமன்றமும் பல்கலைக்கழகமும் வானொலியும் இருக்கிற ஊரிலேயே, ஊர்க்காரர் பேச்சு ஒன்று, மேடைப் பேச்சு இன்னொன்று.

காதால் கேட்டு எப்படிக் கண்டுபிடிப்பது?

மூன்று அடையாளங்களைப் பிடித்துக்கொண்டால் போதும்.

முதலாவது, இரண்டு உயிர்களுக்கு நடுவே வரும் னகரம். கெக் அதை அப்படியே வைத்திருக்கிறது. தோஸ்க் அதை ரகரமாக மாற்றிவிட்டது. ஒயினுக்கு வடக்கே ‘வென’, தெற்கே ‘வெர’. மணலுக்கு வடக்கே ‘ரான’, தெற்கே ‘ரர’. நாட்டின் பெயரே வடக்கே ‘ஷ்கிப்னி’, தெற்கே ‘ஷ்கிபரி’. 1912 நவம்பர் 28 அன்று அல்பேனியா விடுதலையை அறிவித்த கடற்கரை நகரம் தெற்கத்தியருக்கு ‘வ்லோர’, வடக்கத்தியருக்கு ‘வ்லோன’. இத்தாலியர் அதை இன்றும் ‘வலோனா’ என்பதில் அந்தப் பழைய னகரம் நிற்கிறது.

இரண்டாவது, மூக்கொலி. கெக்கில் சில இடங்களில் உயிரெழுத்து மூக்கின் வழியே ஒலிக்கும். தோஸ்க்கில் அது கிடையாது, அந்த இடத்தில் மங்கலான அகரம் வரும். அம்மாவுக்குத் தெற்கே ‘நன’. வடக்கே நீட்டி, மூக்கால் ஒலித்து ‘நான’. நிலாவுக்குத் தெற்கே ‘ஹன’, வடக்கே ‘ஹான’. ‘இருக்கிறது’ என்ற சொல் எல்லா வாக்கியத்திலும் வருமே, அது தெற்கே ‘அஷ்ட’, வடக்கே ‘ஆஷ்ட்’. ஒருவர் வாயைத் திறந்து இரண்டு வாக்கியம் பேசினாலே இந்தச் சொல் வந்துவிடும், ஊர் தெரிந்துவிடும்.

மூன்றாவது, மெய்யெழுத்துக் கூட்டங்கள். காலுக்குத் தெற்கே ‘கம்ப’. வடக்கே பகர ஒலி கரைந்து ‘காம’ ஆகிறது.

கொசோவோவுக்கென்று இன்னொரு அடையாளம் சேர்த்துச் சொல்லலாம். எழுத்துமொழியில் கி-க்கும் சி-க்கும் நடுவே ஒலிக்கும் ஒரு மெய் உண்டு. ‘ஷ்கிப்’ என்ற சொல்லிலேயே அது இருக்கிறது. கொசோவோவில் பெரும்பாலோர் அதை அழுத்தமான சகரமாகவே ஒலிக்கிறார்கள். அதனால் ‘தேநீர்’ என்பதும் ‘அழுகிறேன்’ என்பதும் அங்கே ஒரே மாதிரி ‘சாய்’ என்று கேட்கும். எழுத்தில் இரண்டும் வேறு. பள்ளிப் பிள்ளைகள் எழுத்துப்பிழை விடுகிற முக்கியமான இடங்களில் இது ஒன்று.

ஒலி மட்டும்தான் வேறுபாடா? இலக்கணத்தில் ஒன்றும் இல்லையா?

இருக்கிறது. என்னைக் கேட்டால் மிக முக்கியமான வேறுபாடே அங்கேதான்.

‘வேலை செய்ய விரும்புகிறேன்’ என்று சொல்ல வேண்டும். நாம் ‘செய்ய’ என்று சொல்கிறோம். அந்த வடிவத்தில் யார் செய்வது, எப்போது செய்வது என்ற தகவல் இல்லை. கெக்கில் இது போன்ற ஒரு வினையெச்சம் உண்டு. ‘மெ’ என்ற சிறு சொல்லோடு வினையின் எச்ச வடிவத்தைச் சேர்த்தால் போதும்: ‘தூ மெ புனு’. தோஸ்க்கில் இப்படிச் சொல்ல முடியாது. ‘விரும்புகிறேன், நான் வேலை செய்யும்படி’ என்ற அமைப்பில், இரண்டாவது வினைக்கும் ஆள் காட்டும் விகுதி சேர்த்து ‘துவா த புனோய்’ என்று சொல்ல வேண்டும்.

எதிர்காலமும் இதைத் தொட்டே பிரிகிறது. ‘வேலை செய்வேன்’ என்பதற்கு வடக்கே ‘காம் மெ புனு’. சொல்லுக்குச் சொல் பார்த்தால் ‘செய்ய வைத்திருக்கிறேன்’. தெற்கே ‘தோ த புனோய்’. அதன் முதல் சொல் ‘விரும்பு’ என்ற வினையிலிருந்து பிறந்தது. ஒரு பக்கம் உடைமையிலிருந்து எதிர்காலத்தைக் கட்டியிருக்கிறார்கள், மறு பக்கம் விருப்பத்திலிருந்து.

தோஸ்க்கின் இந்த அமைப்பு தனித்து வந்ததல்ல. கிரேக்கம், பல்கேரியம், மாசிடோனியம் என்று பால்கனின் தெற்குப் பகுதி முழுவதும் வினையெச்சத்தை இழந்துவிட்டு இதே வழியில்தான் போயிருக்கிறது. நெருங்கிய உறவில்லாத மொழிகள் ஒரே நிலத்தில் சேர்ந்து வாழ்ந்து ஒன்று போல ஆனதற்கு உலகம் முழுவதும் எடுத்துக்காட்டாகச் சொல்லப்படுவது பால்கன்தான். அந்த அலையில் தோஸ்க் சேர்ந்தது, கெக் தன் ‘மெ’யைக் கைவிடவில்லை.

அன்றாடச் சொற்களும் வேறா?

பல இடங்களில் வேறு. ‘என்ன’ என்பதற்கு எழுத்துமொழியிலும் தெற்கிலும் ‘ச்ஃபார’, கொசோவோவில் ‘ச்கா’. ‘இப்போது’ தெற்கே ‘தனி’, வடக்கே ‘தாஷ்’. பாலுக்கு எழுத்துமொழி ‘குமஷ்த்’, கெக்கில் ‘தாமல்’. பெண்பிள்ளையைக் குறிக்க எழுத்தில் ‘வாய்ஸ’ என்ற சொல் இருக்கும். ஆனால் தெற்கத்தியர் ‘சுப’ என்பார்கள், திரானாவில் ‘கோத்ஸ’, கொசோவோவில் ‘சிக’. இந்த ஒரு சொல்லை வைத்தே ஊரைச் சொல்லிவிடலாம்.

ஒருவர் பேசுவது இன்னொருவருக்குப் புரியுமா?

புரியும். திரானாக்காரரும் பெராத்துக்காரரும் பேசிக்கொள்ள எந்தத் தடையும் இல்லை. வடக்கு மலையில் வளர்ந்த முதியவரும் சாம் வழக்குப் பேசும் முதியவரும் முதல் முறை சந்தித்தால் கொஞ்சம் சிரமப்படுவார்கள். எல்லோரும் பள்ளியில் ஒரே எழுத்துமொழியைப் படிப்பதால் இளைய தலைமுறைக்கு அந்தச் சிரமமும் இல்லை. இத்தாலியின் ஆர்பரெஷ் மட்டும் உண்மையிலேயே கடினம். ஐந்து நூற்றாண்டுப் பிரிவும் இத்தாலியச் சொற்களும் சேர்ந்து அதை வெகுதூரம் கொண்டுபோய்விட்டன.

அப்படியானால் இரண்டு மொழிகள் என்றே சொல்லிவிடலாமே?

ஐஎஸ்ஓ 639-3 என்ற உலகத் தரம் கெக், தோஸ்க், ஆர்பரெஷ், ஆர்வானிதிகா நான்குக்கும் தனித்தனிக் குறியீடு தந்திருக்கிறது. அது நூலகத்துக்கும் கணினிக்கும் பயன்படும் வகைப்பாடு. பேசுகிற மக்கள் கெக்கையும் தோஸ்க்கையும் ஒரே மொழியாகத்தான் பார்க்கிறார்கள். அதில் அவர்களுக்குள் சண்டையே இல்லை. சண்டை, அந்த ஒரே மொழியை எழுதும்போது யாருடைய வாயை அளவாக வைப்பது என்பதில்தான்.

எப்போது பிரிந்தன?

ஆண்டு சொல்ல முடியாது, ஆனால் நல்ல துப்பு ஒன்று இருக்கிறது. லத்தீனிலிருந்து வந்த பழைய கடன்சொற்களில் னகரம்–ரகரம் மாற்றம் தெரிகிறது. மேலே சொன்ன மணலுக்கான சொல் லத்தீன் ‘அரேனா’தான். பிறகு வந்த ஸ்லாவியக் கடன்சொற்களிலோ அந்த மாற்றம் பெரும்பாலும் இல்லை. ஆக, ஸ்லாவியச் சொற்கள் திரளாக நுழைவதற்குள் அந்த மாற்றம் நடந்து ஓய்ந்துவிட்டது. ஓராயிரம் ஆண்டுக்கும் முந்தைய பிரிவு என்று மொழியியலார் பொதுவாகக் கொள்வது இதனால்தான்.

முதலில் எழுத்தில் வந்தது எந்த வழக்கு?

கெக். இதை அழுத்திச் சொல்ல வேண்டும். ஏனென்றால் இன்று கெக் என்றால் ‘எழுதாத பேச்சு’ என்று நினைக்கிறவர்கள் நிறையப் பேர்.

கிடைத்துள்ள மிகப் பழைய அல்பேனிய வாக்கியம் 1462-ல் எழுதப்பட்டது. தூரஸின் பேராயர் பால் எஞ்சலி லத்தீனில் எழுதிய ஒரு கடிதத்தின் நடுவில் அது வருகிறது. பாதிரியார் இல்லாத அவசரத்தில் பெற்றோரே குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுக்கும்போது சொல்லவேண்டிய ஒற்றை வரி. அந்த வரி கெக்கில் இருக்கிறது.

கிடைத்துள்ளவற்றில் முதல் அச்சு நூலும் கெக்தான். ஜோன் புசுக்கு என்ற கத்தோலிக்கப் பாதிரியார் 1554 மார்ச் 20 அன்று தொடங்கி 1555 ஜனவரி 5 அன்று முடித்த வழிபாட்டு நூல் அது. இன்று ‘மெஷாரி’ என்று அழைக்கிறார்கள். முதல் பக்கங்கள் போய்விட்டதால் அவர் வைத்த உண்மையான தலைப்பு இல்லை. ஒரே ஒரு பிரதி வத்திக்கான் நூலகத்தில் இருக்கிறது. 1740-ல் ரோமில் இன்னொரு அல்பேனியப் பாதிரியார் கண்ணில் படும்வரை அப்படி ஒரு நூல் இருப்பதே மறந்துபோயிருந்தது. நூலின் இறுதியில் புசுக்கு தன்னைப் பற்றிக் கொஞ்சம் சொல்கிறார். வேதத்திலிருந்து தம் மொழியில் எதுவும் இல்லையே என்று பலமுறை நினைத்ததாகவும், தம் மக்கள் மேல் உள்ள அன்பால் இதைச் செய்யத் துணிந்ததாகவும் எழுதுகிறார். அச்சில் தன் மொழிக்கு முன்மாதிரியே இல்லாத ஒருவர், கையில் இருந்த எழுத்துகளோடு வேறு சிலவற்றையும் சேர்த்துக்கொண்டு, மூக்கொலியும் நெட்டுயிரும் உள்ள பேச்சைத் தாளில் இறக்கியிருக்கிறார். வேறு எந்த அல்பேனிய நூலைவிடவும் எனக்கு இதன் மேல் மரியாதை அதிகம்.

அவருக்குப் பின் பியெத்தர் புதி, 1635-ல் லத்தீன்–அல்பேனிய அகராதி தந்த ஃப்ராங் பார்தி, 1685-ல் பெரிய இறையியல் நூல் எழுதிய பியெத்தர் பொக்தானி என்று வடக்கில் ஒரு தொடர்ச்சியே இருந்தது. தோஸ்க் வழக்கின் முதல் அச்சு நூல் 1592-ல் வந்தது. அதுவும் சிசிலியைச் சேர்ந்த ஆர்பரெஷ் பாதிரியார் லெக மத்ரங்காவிடமிருந்து.

எழுத்துமுறை எப்போது ஒன்றானது?

1908 நவம்பரில், மனாஸ்திர் மாநாட்டில். அந்த ஊர் இன்று வட மாசிடோனியாவில் பித்தோலா. அதுவரை லத்தீன், கிரேக்க, அரபு எழுத்துகளில் அவரவர் வசதிப்படி எழுதினார்கள். மாநாட்டுக் குழுவின் தலைவர் ஷ்கோத்ரக் கவிஞர் ஜெர்ஜ் ஃபிஷ்தா. அங்கே வடிவெடுத்ததுதான் இன்றைய 36 எழுத்து லத்தீன் நெடுங்கணக்கு: ஏழு உயிர், 29 மெய். மாநாடு எழுத்துகளைத்தான் ஒன்றாக்கியது. வழக்குகளைத் தொடவில்லை. வடக்கத்தியர் கெக்கிலும் தெற்கத்தியர் தோஸ்க்கிலும் தொடர்ந்து எழுதினார்கள்.

எல்பாசான் மொழி என்கிறார்களே, அது என்ன?

அல்பேனிய வரலாற்றில் தவறவிட்ட ஒரு நல்ல வாய்ப்பு. 1916-ல் ஷ்கோத்ர நகரில் ஓர் இலக்கிய ஆணையம் கூடியது. ஃபிஷ்தா, லுய்ஜ் குராகுகி, ஆஸ்திரிய அறிஞர் மக்சிமிலியன் லாம்பெர்ட்ஸ் எல்லாம் அதில் இருந்தார்கள். எழுத்துமொழிக்கு எல்பாசான் பேச்சை அடிப்படையாக வைக்கலாம் என்று முடிவு செய்தார்கள். அந்தப் பேச்சு தெற்குக் கெக், ஆற்றங்கரை, தோஸ்க்குக்கு மிக அருகில். 1909-ல் தொடங்கிய முதல் அல்பேனிய ஆசிரியர் பயிற்சிப் பள்ளியும் அந்த ஊரில்தான் இருந்தது. இரண்டு வழக்குகளிலும் புதிய ஏற்பாட்டை மொழிபெயர்த்த 19-ஆம் நூற்றாண்டு அறிஞர் கோன்ஸ்தாந்தின் கிறிஸ்தோஃபோரிதியும் எல்பாசான்காரர்.

1920-ல் லுஷ்ஞயில் கூடிய கல்வி மாநாடும் இதை ஏற்றது. அலுவல் தாள்களில் எல்பாசான் வழக்கு ஓரளவு வந்தது. எழுத்தாளர்கள்தான் அதில் இறங்கவில்லை. அவரவர் ஊர் வழக்கில் எழுதுவதே தொடர்ந்தது.

பிறகு தோஸ்க் எப்படி எழுத்துமொழி ஆனது?

இரண்டாம் உலகப் போருக்குப் பின் கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வந்தார்கள். தலைவர் என்வர் ஹோஜா தெற்கே ஜிரோகாஸ்தரில் பிறந்தவர். இயக்கத்தின் பலமும் தெற்கில்தான் அதிகம். வடக்கின் கத்தோலிக்க எழுத்தாளர்களை, அதாவது கெக் இலக்கியத்தின் முதுகெலும்பையே, ஆட்சி பகையாகப் பார்த்தது. பலர் சிறைக்குப் போனார்கள், சிலர் கொல்லப்பட்டார்கள். ஃபிஷ்தா 1940-லேயே இறந்துவிட்டார். ஆனாலும் 15,000-க்கும் மேற்பட்ட அடிகள் கொண்ட அவருடைய கெக் காவியம் ஆட்சி முடியும்வரை தடையில் இருந்தது.

1950-களிலிருந்து அரசின் அச்சகங்கள் தோஸ்க் பக்கம் சாய்ந்தன. 1967-ல் எழுத்திலக்கண வரைவு வந்தது. 1972 நவம்பர் 20 முதல் 25 வரை திரானாவில் கூடிய எழுத்திலக்கண மாநாடு அதை முடிவாக்கியது. கொசோவோ, மாசிடோனியா, மாண்டினீக்ரோ, இத்தாலியின் ஆர்பரெஷ் சமூகம் எல்லாவற்றிலிருந்தும் பிரதிநிதிகள் வந்து கையெழுத்திட்டார்கள்.

இரண்டு வழக்குகளும் இணைந்ததன் விளைவு இது என்பது அரசின் விளக்கம். சொல்வளத்தில் கெக்கின் பங்கு இருப்பது உண்மைதான். ஒலியும் சொல்லின் வடிவமும் இலக்கணமும் ஏறக்குறைய முழுக்கத் தோஸ்க். ‘மெ’ வினையெச்சத்துக்கு இடமே இல்லை. மூக்கொலிக்கு எழுத்தும் இல்லை. ஷ்கோத்ரயில் பிறந்து, பத்தாண்டு சிறையில் இருந்து, பிறகு அமெரிக்காவில் பேராசிரியரான அர்ஷி பிபா, இது மொழியியல் முடிவல்ல, அரசியல் முடிவு என்று கடைசிவரை வாதிட்டார்.

என் கருத்தையும் சொல்லிவிடுகிறேன். ஒரு நாட்டுக்குப் பொது எழுத்துமொழி வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. அந்த மாநாட்டில் உழைத்தவர்களில் பெரிய அறிஞர்கள் இருந்தார்கள். அவர்கள் தந்த இலக்கணமும் அகராதிகளும் உறுதியானவை. ஆனால் பேசுவோரில் பாதிக்கும் மேற்பட்டவர்கள் கெக் பேசும்போது, நான்கு நூற்றாண்டு அச்சு மரபு அவர்களிடம் இருக்கும்போது, ஒரு வினையெச்சத்துக்குக்கூட இடம் தராதது அநியாயம்.

கொசோவோ மக்கள் கெக் பேசுகிறவர்கள்தானே? அவர்கள் ஏன் சம்மதித்தார்கள்?

அவர்கள் விரும்பியே ஏற்றார்கள் என்பதைப் புரிந்துகொள்ளாமல் இந்த வரலாற்றைப் புரிந்துகொள்ள முடியாது. 1960-கள் வரை கொசோவோவில் கெக் அடிப்படையில்தான் எழுதினார்கள். 1968 ஏப்ரலில் பிரிஷ்தினாவில் கூடிய அறிஞர்கள் அதைக் கைவிட்டு, அல்பேனியாவின் எழுத்துமொழியையே எடுத்துக்கொள்ள முடிவு செய்தார்கள். ஒரு தேசம், ஒரே இலக்கிய மொழி என்பது அவர்கள் கொள்கை.

அன்று கொசோவோ யூகோஸ்லாவியாவுக்குள் இருந்தது. எல்லைக்கு அப்பால் சொந்தபந்தங்களைப் பார்க்கப் போக முடியாது. தனி எழுத்துமொழி வைத்திருந்தால் ‘கொசோவோ மொழி வேறு, அல்பேனிய மொழி வேறு’ என்று யாரும் பிரித்துவிடலாம் என்ற பயம் அவர்களுக்கு இருந்தது. அதனால் தங்கள் வாயில் இல்லாத வடிவங்களைப் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுக்கத் துணிந்தார்கள். 1970-ல் திறந்த பிரிஷ்தினா பல்கலைக்கழகத்துக்குத் திரானாவிலிருந்து ஆசிரியர்களும் நூல்களும் வந்தன. எல்லை மூடிக் கிடந்த காலத்தில் இரண்டு பக்கமும் ஒரே பாடநூலைப் படித்தார்கள். விலை கொடுத்துத்தான் இந்த ஒற்றுமையை வாங்கினார்கள் என்றாலும், அதைத் தவறு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

கெக் கொச்சை வழக்கா?

இல்லை. எழுத்துமொழி கெட்டு கெக் ஆகவில்லை. பல இடங்களில் பழையதை வைத்திருப்பதே கெக்தான். னகரமும் மூக்கொலியும் அதற்குச் சாட்சி. அதே சமயம் தோஸ்க்கும் சில பழைய ஒலிகளைக் காப்பாற்றியிருக்கிறது: ‘கம்ப’ என்பதன் பகர ஒலி முந்தையது. எது பழையது என்று போட்டி வைத்தால் இரண்டுக்கும் பரிசு கொடுக்க வேண்டியிருக்கும்.

ஆர்பரெஷ் யார்? இன்னும் பேசுகிறார்களா?

15, 16-ஆம் நூற்றாண்டுகளில், பெரும்பாலும் உஸ்மானியர் வெற்றிகளுக்கும் அவர்களை எதிர்த்துப் போரிட்ட அல்பேனியத் தலைவர் ஸ்கந்தர்பெக் 1468-ல் இறந்ததற்கும் பிறகு, கடல் தாண்டித் தெற்கு இத்தாலிக்குப் போனவர்களின் வழித்தோன்றல்கள். கலாப்ரியா, சிசிலி, பசிலிகாத்தா, மோலிசே, அபூலியா என்று ஏறத்தாழ ஐம்பது ஊர்களில் பரவியிருக்கிறார்கள். சிசிலியின் பியானா தெலி அல்பனேசி 1488-ல் உருவானது. பலர் இன்றும் பைசாந்திய முறையில் கிரேக்கச் சடங்குகளோடு வழிபடும் கத்தோலிக்கர்கள்.

மொழி ஆர்வலர்களுக்கு இவர்களுடைய பேச்சு ஒரு புதையல். இன்றைய ‘ஜூஹ’ (மொழி, நாக்கு) என்ற சொல் இவர்களிடம் பழைய ‘க்லூஹ’வாகவே இருக்கிறது. புசுக்கு 1555-ல் எழுதியதும் ‘க்லுஹ’தான். சாம் வழக்கிலும் இதே பழைய கூட்டொலி உண்டு. ஒரே பழமை கடலின் இரு கரையிலும் வடக்கு நூல் ஒன்றிலும் தனித்தனியே தங்கியிருக்கிறது.

அவர்கள் பெயரும் ஒரு சான்று. வடக்கே ‘ஆர்பனெஷ்’, இவர்களிடம் ‘ஆர்பரெஷ்’. கப்பல் ஏறும் முன்பே ரகர மாற்றம் நடந்துவிட்டது.

இத்தாலியின் 1999-ஆம் ஆண்டு 482-ஆம் எண் சட்டம் இந்த மொழிக்குச் சிறுபான்மை மொழி என்ற பாதுகாப்பு தந்தது. கலாப்ரியா பல்கலைக்கழகத்தில் அல்பேனியம் கற்பிக்கிறார்கள். இருந்தாலும் வீட்டில் பிள்ளைகளோடு இத்தாலியம் பேசும் பழக்கம் பெருகிவிட்டது. சட்டத்தால் மட்டும் இதை நிறுத்த முடியவில்லை.

கிரேக்கத்தின் ஆர்வானிதிகா?

அட்டிகா, பொயோஷியா, ஹைத்ரா, சலாமிஸ் போன்ற இடங்களில் இடைக்காலத்திலேயே குடியேறியவர்களின் பேச்சு. 1821 கிரேக்க விடுதலைப் போரில் இவர்கள் பங்கு பெரியது. போர்த்தலைவர் மார்க்கோஸ் போத்சாரிஸ் 1809-ல் கோர்ஃபுவில் கிரேக்க–அல்பேனிய அகராதி ஒன்றைத் தொகுத்தார். அவருடைய சூலி மலைப் பேச்சு அதில் இருக்கிறது. ஆர்வானிதிகாவுக்குப் பள்ளியும் இல்லை, அரசின் ஏற்பும் இல்லை. பேசத் தெரிந்தவர்கள் பெரும்பாலும் வயதானவர்கள். அல்பேனிய வழக்குகளில் மிக வேகமாக மறைந்துகொண்டிருப்பது இதுதான்.

வேறு எங்காவது?

குரோவேஷியாவின் சாதர் நகரில் ஆர்பனாசி என்ற பகுதி. 1720–30-களில் ஷ்கோத்ர ஏரிப் பக்கத்திலிருந்து வந்த கெக் கத்தோலிக்கர்கள் குடியேறியது. பல்கேரியாவில் மந்த்ரித்சா என்ற ஒரு கிராமம். உக்ரைனின் தெற்கே கரகுர்த் முதலிய சில கிராமங்கள்.

மதத்துக்கும் வழக்குக்கும் தொடர்பு உண்டா?

நேரான தொடர்பு இல்லை. கத்தோலிக்கர்கள் பெரும்பாலும் வடக்கே, ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள் பெரும்பாலும் தெற்கே. முஸ்லிம்கள் இரு பக்கமும். ஒரே ஊரில் இருக்கும் எல்லா மதத்தாரும் அந்த ஊர் வழக்கைத்தான் பேசுகிறார்கள்.

அன்னை தெரசா எந்த வழக்கு?

1910-ல் ஸ்கோப்யேவில் ஓர் அல்பேனியக் குடும்பத்தில் பிறந்தவர். அந்தப் பக்கத்து அல்பேனியர்கள் பேசுவது கெக். கொல்கத்தாவுக்கு வந்து சேர்ந்த அந்தப் பெண்ணின் தாய்மொழி வட்டாரம் அதுதான்.

அல்பேனியம் கற்க ஆசை. எதில் தொடங்குவது?

எழுத்துமொழியில் தொடங்குங்கள். பாடநூல், அகராதி, செய்தி எல்லாம் அதில்தான் கிடைக்கும். எங்கே போனாலும் புரிந்துகொள்வார்கள். ஆனால் கொசோவோவுக்கோ ஷ்கோத்ரவுக்கோ போகப்போகிறீர்கள் என்றால் ‘மெ’ அமைப்பையும் ‘ச்கா’, ‘தாஷ்’ போன்ற சொற்களையும் முதல் மாதத்திலேயே சேர்த்துக்கொள்ளுங்கள். நீங்கள் எழுத்துமொழியில் கேட்ட கேள்விக்குப் பதில் கெக்கில்தான் வரும். பாடப்புத்தகம் மட்டும் படித்தவர்கள் அங்கேதான் திணறுகிறார்கள்.

இன்று கெக்கில் எழுதுகிறார்களா? எழுத்துமொழி மாறுமா?

எழுதுகிறார்கள். 1990-களில் ஆட்சி மாறியதும் தடைபட்ட வடக்கத்திய எழுத்தாளர்களின் நூல்கள் அச்சுக்குத் திரும்பின. 2000-களில் பிரிஷ்தினாவில் ‘யாவா’ என்ற வார இதழ் கெக்கில் எழுதிப் பெரிய விவாதத்தைக் கிளப்பியது. கொசோவோவின் ராப் பாடகர்கள் ஊர்ப்பேச்சில்தான் பாடுகிறார்கள். கைப்பேசியில் நண்பர்களுக்கு அனுப்பும் செய்திகளில் எழுத்துமொழியை யாரும் தேடுவதில்லை, பேசுகிறபடியே தட்டுகிறார்கள்.

மாற்றம் பற்றி மூன்று கருத்துகள் இருக்கின்றன. 1972-ஐத் தொடக்கூடாது என்பவர்கள் ஒரு பக்கம். கெக்குக்குத் தனி எழுத்துமொழியே வேண்டும் என்பவர்கள் மறு பக்கம், எண்ணிக்கையில் குறைவு. நடுவில் இருப்பவர்கள் கேட்பது சிறியது: இருக்கிற எழுத்துமொழியின் வாசலைக் கொஞ்சம் திறந்து, ‘மெ’ வினையெச்சத்தையும் கெக் சொற்களையும் பிழை என்று சிவப்பு மையால் சுழிக்காமல் ஏற்றுக்கொள்ளுங்கள் என்று. நான் இந்த மூன்றாம் தரப்பில் நிற்கிறேன். வீட்டில் அம்மா சொன்ன சொல்லைத் தேர்வுத்தாளில் எழுதியதற்காக பிரிஷ்தினாவிலோ ஷ்கோத்ரயிலோ ஒரு பிள்ளைக்கு மதிப்பெண் குறையக் கூடாது. மாநாடு கூட்டாமலேயே ஆசிரியர்கள் நாளைக்கே இதைத் தொடங்கலாம்.